சாண்டோ: ராமநாதபுரம் டு கோடம்பாக்கம்

முதலில் ஒரு மன்னிப்பு. சில வருஷத்துக்கு முன்னாடி எழுதின ஒரு பதிவில், போகிற போக்கில், 'சாண்டோ' எம்.எம்.ஏ.சின்னப்பா தேவர் தென்மாவட்டத்துக்காரர் என்று எழுதி வைத்திருந்தேன். தேவர் என்ற பேரையும் ராமநாதபுரம் என்ற ஊர்ப் பேரையும் சேர்த்துப் பார்த்ததில் வந்த வினை. யாரும் பின்னூட்டத்தில் திருத்தவில்லை. அது எனக்கு இன்னும் அவமானம். ஏன்னா நான் கோயமுத்தூர்க்காரன். அந்த ராமநாதபுரம் எங்க ஊர் திருச்சி ரோட்டில் இருக்கிற ராமநாதபுரம்! இப்ப மேலே பாலம் போகுதே, அதே இடம்தான். டவுன் பஸ்ஸில் ஆயிரம் தடவை கடந்து போயிருக்கிறேன்.

திருத்தியது எங்க பெரீப்பா. எண்பதைத் தாண்டியவர், மில்லில் வேலை பார்த்து ரிட்டயர் ஆனவர். பேச்சுவாக்கில் தேவர் பிலிம்ஸ், யானை, பாம்பு என்று நான் எடுத்துவிட, அவர் சிரித்தார்.

"ஏங்கண்ணு, உனக்கு அவரு படம் புடிக்கற மொதலாளின்னுதான தெரியும்? எங்கய்யன் காலத்து ஆளுகளுக்கு அவரு சாண்டோ. ஒடம்பு காட்டி சினிமாவுக்குப் போன ஆளு."

"நடிகருங்களா பெரீப்பா?"

"அப்பறம்? நடிச்சுட்டுத்தான மொதலாளி ஆனாரு."

அதுக்கப்புறம் தேடிப் படித்ததும், பழைய படங்களைத் திரும்பப் பார்த்ததும் சேர்ந்துதான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம். காப்பி எடுத்துக்கிட்டு உக்காருங்க.

அந்த 'சாண்டோ' யாரு?

தேவருக்கு முன்னால் ஒட்டிக்கொண்டிருக்கிற சாண்டோ என்பது இன்ஷியல் இல்லை, பட்டம். மூலவர் யூஜின் சாண்டோ. 1867ல் அன்றைய பிரஷ்யாவின் கோனிக்ஸ்பெர்க்கில் பிறந்தவர். முதலில் சர்க்கஸிலும் நாடக மேடைகளிலும் வெயிட் தூக்கிக் காட்டினார். அப்புறம்தான் ஒரு விஷயத்தைக் கண்டுபிடித்தார்: ஜனங்கள் தூக்கின கல்லைவிட, தூக்கின ஆளின் உடம்பைத்தான் பார்க்கிறார்கள்! உடனே உடம்பையே காட்சியாக்கிவிட்டார். ஸ்பிரிங் வைத்த டம்பெல், தபாலில் உடற்பயிற்சிப் பாடம், புத்தகம், பத்திரிகை என்று வியாபாரமும் ஜோர். 1901ல் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் பெரிய கட்டழகுப் போட்டி நடத்தினார். நடுவர்களில் ஒருத்தர் யார் தெரியுமா? ஷெர்லாக் ஹோம்ஸ் எழுதின ஆர்தர் கானன் டாயில்.

நமக்கு முக்கியமான தகவல் இன்னொன்று. 1894 மார்ச்சில் எடிசனின் ஸ்டூடியோவில், கேமரா முன்னால் நின்று சாண்டோ தசையை முறுக்கிக் காட்டினார். ஒருத்தர் மட்டும் குனிந்து துவாரம் வழியாகப் பார்க்கிற கினெட்டோஸ்கோப் பெட்டிக்காக எடுத்த சில விநாடிப் படம். அதாவது, சினிமா நடக்கப் பழகின காலத்திலேயே முதலில் கூப்பிட்ட ஆட்களில் ஒரு பயில்வானும் உண்டு. விளையாட்டில் இருந்து திரைக்குப் போகிற பாதை, திரை அரங்குகளைவிடப் பழையது!

அதே சாண்டோ 1904-05ல் இந்தியா முழுக்கச் சுற்றினார். அவர் போன பிறகு பேர் மட்டும் இங்கேயே தங்கிவிட்டது. நல்ல உடம்புள்ள ஆள் என்றால் 'சாண்டோ'. ஏன், கையில்லாத பனியனைக்கூட சாண்டோ பனியன் என்றுதானே கேட்டு வாங்குகிறோம்? அதை உலகத்துக்கே தைத்து அனுப்புகிற திருப்பூர் நமக்கு ஒரு மணி நேரப் பயணம்.

மில்லு, தேகப்பயிற்சி சாலை, ஸ்டூடியோ

சின்னப்பா பிறந்தது 1915 ஜூன் 28. அப்பா அய்யாவு தேவர், அம்மா ராமாக்காள். பள்ளிக்கூடம் அஞ்சாம் வகுப்போடு சரி. குடும்பத்துக்காகப் பங்கஜா மில்லில் வேலைக்குச் சேர்ந்தார். சம்பளம் மாதம் 9 ரூபாய். அப்புறம் ஸ்டேன்ஸ் மோட்டார் கம்பெனி, பால் வியாபாரம், சோடா கம்பெனி என்று கைக்கு வந்ததையெல்லாம் செய்து பார்த்திருக்கிறார்.

இதற்கு நடுவில் நண்பர்களோடு சேர்ந்து ராமநாதபுரத்தில் ஆரம்பித்ததுதான் வீரமாருதி தேகப்பயிற்சி சாலை. 'ஜிம்' என்ற சொல் நம்ம ஊருக்கு வராத காலம். கண்ணாடிச் சுவரும் ஏசியும் இருக்காது. ஒரு ஓட்டுக் கொட்டகை, ஆஞ்சநேயர் படம், கர்லாக்கட்டை, தண்டால், பஸ்கி, மண்ணைக் கொத்திப் போட்ட குஸ்திக் களம். பழைய தேகப்பயிற்சி சாலை என்றால் இவ்வளவுதான். எனக்கு நினைவு தெரிந்து எங்க ஏரியாவில் மிச்சமிருந்த ஒன்றிரண்டும் இந்த அமைப்பில்தான் இருந்தன.

இந்த ஊர் ஏன் அப்படி ஒரு ஆளை உருவாக்கியது என்று யோசித்தேன். மூன்று விஷயம் ஒன்றாக வந்து சேர்ந்திருக்கிறது.

ஒன்று, மில். 1888ல் ஸ்டேன்ஸ் துரையின் ஆலையில் ஆரம்பித்த கதை, 1930-களில் பைக்காரா மின்சாரம் வந்ததும் வேகம் பிடித்தது. ஊரைச் சுற்றிப் புகைபோக்கிகள். மில் என்றால் ஷிப்ட். ஷிப்ட் என்றால் சங்கு ஊதினதும் கையில் நேரமும் கொஞ்சம் காசும் உள்ள இளவட்டங்கள்.

இரண்டு, அந்த இளவட்டங்கள் போய் நின்ற தேகப்பயிற்சி சாலைகள். சாண்டோ கிளப்பிவிட்ட ஆசையும், நம்ம ஊர் குஸ்தியும் சிலம்பமும் அங்கே கலந்தன.

மூன்றாவதுதான் மற்ற மில் ஊர்களுக்கு வாய்க்காதது: சினிமா. ரயில்வேயில் வேலை பார்த்த சாமிக்கண்ணு வின்சென்ட் 1905ல் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டர் வாங்கி, டெண்ட் போட்டு ஊர் ஊராகப் படம் காட்டியதும், 1914ல் கோவையில் வெரைட்டி ஹால் கட்டியதும் (பின்னாளில் டிலைட் தியேட்டர்) உங்களுக்குத் தெரிந்த கதை. தமிழ்ப் படம் எடுக்க பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் ரயில் ஏறிக்கொண்டிருந்த 1930-களில், அந்த வின்சென்ட்டும் கூட்டாளிகளும் சேர்ந்து சிங்காநல்லூர்ப் பக்கம் திருச்சி ரோட்டில் சென்ட்ரல் ஸ்டூடியோவைக் கொண்டுவந்தார்கள். அடுத்து 1940-களில் எஸ்.எம்.ஸ்ரீராமுலு நாயுடுவின் பட்சிராஜா, புலியகுளம் பக்கம். ஜுபிடர் பிக்சர்ஸ் சோமசுந்தரமும் மொகிதீனும் சென்ட்ரல் ஸ்டூடியோவில் வரிசையாகப் படம் எடுத்தார்கள்.

இப்ப மேப்பை எடுத்துப் பாருங்க. ராமநாதபுரம், பங்கஜா மில், புலியகுளம், சிங்காநல்லூர். சைக்கிள் மிதித்தால் அரை மணியில் எல்லாவற்றையும் சுற்றி வந்துவிடலாம். மில்லில் நின்ற ஆளுக்கு ஸ்டூடியோ என்பது கனவுலகம் கிடையாது, அடுத்த ஸ்டாப். தேவரின் திறமையைக் குறைத்துச் சொல்லவில்லை. அதே உடம்போடு அவர் வேறு ஊரில் பிறந்திருந்தால், பொங்கல் விழாவில் கல் தூக்கி மெடல் வாங்கினதோடு கதை முடிந்திருக்கலாம்.

குரல் ராஜா, உடம்பு அடியாள்

ஸ்டூடியோவுக்குள் நுழைந்தாயிற்று. ஆனால் என்ன வேஷம்? இங்கேதான் ஒரு சிக்கல்.

1930-களிலும் 40-களின் முன்பாதியிலும் தமிழ் சினிமாவில் கதாநாயகன் என்றால் குரல். பாகவதர் பாடினால் போதும், சண்டை போடவேண்டியதில்லை. பி.யு.சின்னப்பா மாதிரி பாட்டும் சிலம்பமும் தெரிந்தவர்கள் விதிவிலக்கு. அப்ப உடம்பு வைத்திருக்கிறவனுக்கு என்ன வேலை? புராணப் படமா, அசுரன். ராஜா ராணிக் கதையா, காவலாளி, கொள்ளைக்காரன், வில்லனுக்குப் பின்னால் கை கட்டி நிற்கிற முரடன். வசனம் ஒரு வரி இருந்தால் அதிர்ஷ்டம். நாயகனிடம் அடி வாங்கி விழுவதுதான் நடிப்பு. விழுவது நிஜம், அடியும் பல நேரம் நிஜம்.

சின்னப்பா தேவர் வருஷக்கணக்கில் இப்படித்தான் இருந்தார். அதே ஸ்டூடியோக்களில், அதே மாதிரி சின்ன வேஷங்களில் காலம் தள்ளிக்கொண்டிருந்த இன்னொருத்தரும் கோவையில் தங்கியிருந்தார். 1936ல் 'சதிலீலாவதி'யில் தலைகாட்டி, பத்து வருஷமாகியும் நாயகனாக முடியாதவர். உடம்பை மட்டும் விடாமல் கவனித்துக்கொண்டவர். ஆமாங்க, எம்.ஜி.ஆர்.தான். தேவரைவிட ரெண்டு வயசு சின்னவர். ஒரே ஊர், ஒரே கம்பெனி, ஒரே காத்திருப்பு. நட்பு பிடித்துக்கொண்டது.

காலமும் மாறிக்கொண்டிருந்தது. பின்னணிப் பாட்டு பரவலாகி, நாயகன் பாடித்தான் ஆகவேண்டும் என்ற கட்டாயம் தளர்ந்தது. பாகவதர் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் ஜெயிலில். ஜுபிடருக்காக ஏ.எஸ்.ஏ.சாமி இயக்கிய 'ராஜகுமாரி'யில் எம்.ஜி.ஆர். முதல் முதலாக நாயகன் ஆனார். வசனத்தில் இளைஞர் மு.கருணாநிதியின் பங்கும் உண்டு. அவரும் அப்ப சிங்காநல்லூர்வாசி! 1947 ஏப்ரலில் படம் ரிலீஸ். அதே ஏப்ரலில் பாகவதர் விடுதலை. ஆனால் அவர் வெளியே வந்தபோது, விட்டுப்போன சினிமா அங்கே இல்லை. பாடுகிற நாயகன் இருந்த இடத்தில் சண்டை போடுகிற நாயகன் வந்து நிற்க ஆரம்பித்திருந்தான்.

சண்டை போடுகிற நாயகனுக்கு முதல் தேவை என்ன? எதிரில் நிற்க ஒரு நல்ல உடம்பு! நோஞ்சானை அடித்தால் யார் கைதட்டுவார்கள்? 'ராஜகுமாரி'யில் அந்த முரடன் வேஷத்துக்குப் பேர் வாங்கின வேறு ஸ்டண்ட் நடிகரைப் போடலாம் என்று கம்பெனி நினைக்க, சின்னப்பாதான் வேண்டும் என்று எம்.ஜி.ஆர். பிடிவாதமாக நின்றார். தானே முதல் தடவை நாயகன், தன் இடமே உறுதியில்லை, அந்த நேரத்தில் இன்னொருத்தனுக்காகப் பேசுவது சின்ன விஷயமில்லை. தேவர் அதைக் கடைசிவரை மறக்கவில்லை.

41 வயசில் ஒரு முடிவு

'ராஜகுமாரி' வந்தபோது தேவருக்கு 32 வயசு ஆகப்போகிறது. எம்.ஜி.ஆர். அங்கிருந்து மேலே போய்விட்டார். தேவர்? படங்கள் வந்தன. ஆனால் வேஷம் மாறவில்லை. முரடன் முரடனாகவே இருந்தான்.

எனக்கு இந்தக் கதையில் ரொம்பப் பிடித்த இடம் இதுதான். விளையாட்டில் இருந்து நடிக்க வருகிற எல்லாருக்கும் ஒரு நாள் இந்தக் கேள்வி வரும். உடம்பு வாசலைத் திறந்துவிடும். ஆனால் உள்ளே போனபிறகு அதுவே சங்கிலி ஆகிவிடும். 1924லும் 1928லும் ஒலிம்பிக் நீச்சலில் மொத்தம் 5 தங்கம் வாங்கின ஜானி வைஸ்முல்லர் 1932ல் டார்ஜான் ஆனார். அப்புறம் பதினாறு வருஷம் டார்ஜான்தான்! நம்ம தாராசிங் குஸ்தியில் கிங்காங்கைப் பார்த்த ஆள். 1962ல் 'கிங்காங்' என்ற பேரிலேயே இந்திப்படத்தில் நடித்தார். கோட்டும் சூட்டுமாக அவரை யாரும் ஏற்றுக்கொள்ளவில்லை. கடைசியில் தூர்தர்ஷன் 'ராமாயண'த்தில் அறுபது வயசை ஒட்டி அனுமாராக வந்தபோதும், கையில் கதை இருந்தது. அயர்லாந்தின் ரிச்சர்ட் ஹாரிஸ் மட்டும் வேறு ரகம். லிமெரிக் ஊரில் ரக்பி ரக்பி என்று கிடந்தவரை காசநோய் படுக்கையில் போட்டது. ஆட்டம் முடிந்துபோனது. எழுந்து நடிப்புப் பள்ளிக்குப் போனார். உடம்பு கைவிட்டதால் நடிகனானவர் அவர்.

தேவருக்கு இந்த மூன்று வழியும் இல்லை. ஒரு கதாபாத்திரத்தோடு ஒட்டிக்கொண்டு நட்சத்திரமாகவும் முடியாது, புதிதாகப் படித்து நடிகனாகவும் முடியாது. வயசு நாற்பதைத் தாண்டுகிறது. தசை தளரும். அடி வாங்கி விழுந்தால் எழுந்திருக்க நேரமாகும். அவர் யோசித்தது நாலாவது வழி. கேமரா முன்னால் நின்ற உடம்பை எடுத்துக்கொண்டு கேமராவுக்குப் பின்னால் போய்விடுவது!

1956ல் தேவர் பிலிம்ஸின் முதல் படம் 'தாய்க்குப் பின் தாரம்' வந்தது. நாயகன் எம்.ஜி.ஆர்., நாயகி பானுமதி. டைரக்டர் யார்? எடிட்டராக இருந்த சொந்தத் தம்பி எம்.ஏ.திருமுகம். அவருக்கு அதுதான் முதல் டைரக்ஷன். படத்தின் ஹைலைட் எம்.ஜி.ஆர். காளையோடு மோதும் காட்சி. படம் ஓடியது. தேவருக்கு அப்ப 41 வயசு.

உடனே ஒரு அடியும் விழுந்தது. எம்.ஜி.ஆரோடு மனஸ்தாபம். அஞ்சு வருஷம் சேர்ந்து படம் இல்லை. வேறு யாராக இருந்தாலும் கடையை மூடியிருப்பார்கள். தேவர் கத்திச்சண்டையில் பேர்போன ரஞ்சனை வைத்து 'நீலமலைத் திருடன்' (1957) எடுத்தார். 'யானைப்பாகன்' (1960), 'கொங்கு நாட்டுத் தங்கம்' (1961) என்று போய்க்கொண்டே இருந்தார். (ஊர்ப் பாசம் பாருங்க!) 1961ல் 'தாய் சொல்லைத் தட்டாதே'யில் நண்பர்கள் மறுபடி சேர்ந்தார்கள். அப்புறம் நடந்தது ஊருக்கே தெரியும். 'வேட்டைக்காரன்', 'தொழிலாளி', 'முகராசி', 'விவசாயி'... 1972ன் 'நல்ல நேரம்' வரை மொத்தம் 16 படம். 16ம் டைரக்ஷன் திருமுகம்தான்.

வசனம் இல்லாதவர்களின் முதலாளி

தேவர் பிலிம்ஸ் என்றாலே நாம கிண்டலாகச் சொல்வோம், யானை, புலி, மாடு, பாம்பு, ஆடு என்று. நானும் கிண்டல் பண்ணினவன்தான். முதல் படத்தில் காளை. 'வேட்டைக்காரனி'ல் காட்டு மிருகங்கள். 'தெய்வச்செயல்' (1967) படத்தில் யானைகள். அது இங்கே பெரிதாகப் போகவில்லை. சோர்ந்து போகாமல் அதே கதையை இந்திக்குக் கொண்டுபோய், ராஜேஷ் கன்னாவை வைத்து 1971ல் 'ஹாத்தி மேரே சாத்தி' எடுத்தார். வடக்கே வசூலில் பேயாட்டம் ஆடியது. அதையே திரும்பத் தமிழுக்குக் கொண்டுவந்ததுதான் 'நல்ல நேரம்'. அப்புறம் மாட்டுக்கு ஒரு 'கோமாதா என் குலமாதா' (1973), பாம்புக்கு ஒரு 'வெள்ளிக்கிழமை விரதம்' (1974), ஆட்டுக்கு ஒரு 'ஆட்டுக்கார அலமேலு' (1977).

இதை மிருக மோகம், வியாபாரத் தந்திரம் என்று முடித்துவிடலாம். வியாபாரம்தான், சந்தேகமில்லை. ஆனால் அவர் எங்கிருந்து வந்தவர் என்று தெரிந்தபிறகு எனக்கு வேறு மாதிரி தோன்றுகிறது. வசனமே இல்லாமல், வெறும் உடம்பை வைத்துக் கேமரா முன்னால் வருஷக்கணக்காக நின்றவர் அந்த மனுஷன். டயலாக் பேசாத ஒரு உடம்பு திரையில் என்னவெல்லாம் செய்யமுடியும், ஜனம் எதற்கு மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்க்கும் என்பது அவருக்குத் தன் தோளில் தெரியும். யூஜின் சாண்டோ கண்டுபிடித்த அதே ரகசியம்தான்!

இன்னொன்றும் சொல்வார்கள். பேசின சம்பளத்தை இழுத்தடிக்காமல் முன்கூட்டியே மொத்தமாகக் கொடுத்துவிடுவது தேவர் வழக்கம். பூஜை அன்றைக்கே ரிலீஸ் தேதியை முடிவு பண்ணிவிடுவார். கோடம்பாக்கத்தில் இது ஒரு அதிசயமாகப் பேசப்பட்டது. எனக்கு அதிசயமாகப் படவில்லை. மில்லில் மாசம் 9 ரூபாய்க்கு நின்றவனுக்குச் சம்பளத் தேதி என்றால் என்ன என்று தெரியும். சங்கு ஊதினால் ஷிப்ட் தொடங்கணும், ஊதினால் முடியணும். தேவர் பிலிம்ஸ் ஓடின ஒழுங்கில் எனக்குக் கேட்பது ஒரு மில் சங்குச் சத்தம்தான்.

தன் படங்களில் அவ்வப்போது சின்ன வேஷத்திலும் வந்து போனார். முதலாளி ஆனபிறகும்! எதற்கு என்று யோசித்திருக்கிறேன். பழக்கமாக இருக்கலாம், ராசியாகக்கூட இருக்கலாம். டைட்டிலில் மட்டும் கடைசிவரை 'சாண்டோ'வை எடுக்கவே இல்லை. நாற்பது, ஐம்பது வயசு தாண்டி, தொப்பை போட்டு, நெற்றி நிறையத் திருநீறோடு 'முருகா முருகா' என்று எல்லோரையும் கூப்பிட்டுக்கொண்டிருந்த மனுஷன், இளவயசில் தேகப்பயிற்சி சாலை கொடுத்த பட்டத்தை மட்டும் விடவில்லை.

மருதமலை

எம்.எம்.ஏ. என்பதில் ஒரு எம், மருதாசலமூர்த்தி. மருதமலை முருகன். ஊர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. சம்பாதித்ததில் முருகனுக்குப் பங்கு என்று ஒதுக்கி, பல முருகன் கோயில்களுக்குச் செய்தார். மருதமலைக்குச் செய்தது அதிகம். பாதை, படி, விளக்கு என்று இருட்டு மலையை ஜனம் ஏறுகிற மலையாக்கினதில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. தண்டாயுதபாணி பிலிம்ஸ் பேரில் 'துணைவன்' (1969), 'தெய்வம்' (1972) போன்ற பக்திப் படங்களும் எடுத்தார். 'தெய்வம்' படத்துக்காக மதுரை சோமு பாடிய மருதமலைப் பாட்டு இன்றைக்கும் எங்க ஊர்க் கோயில் ஒலிபெருக்கியில் வராத நாள் கிடையாது. தேவரை யாரென்றே தெரியாத பிள்ளைகளுக்கும் அந்தப் பாட்டு தெரியும்.

1978 செப்டம்பர் 8ம் தேதி தேவர் காலமானார். வயசு 63. அவரோடு சின்ன வேஷத்துக்குக் காத்திருந்த நண்பர் அப்ப தமிழ்நாட்டின் முதலமைச்சர். ரஜினிகாந்தை வைத்து அவர் தொடங்கின 'தாய் மீது சத்தியம்' அவர் போனபிறகு அக்டோபரில் வெளிவந்தது.

மிச்சம் இருப்பது

போன மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பெரீப்பாவை வண்டியில் உட்காரவைத்துக்கொண்டு அந்தப் பாதையில் ஒரு சுற்று போய்வந்தேன். சென்ட்ரல் ஸ்டூடியோ இல்லை. பட்சிராஜா இல்லை. ஜுபிடர் எப்பவோ சென்னைக்குப் போய்விட்டது. ஸ்ரீராமுலு நாயுடுவும் பெங்களூர்ப் பக்கம் போனார். பங்கஜா மில் தேசிய பஞ்சாலைக் கழகத்தின் கைக்குப் போய், 2020 கொரோனா ஊரடங்கில் நின்ற மில்களில் ஒன்றாகிவிட்டது. ராமநாதபுரத்தில் இப்ப கண்ணாடி போட்ட ஜிம்கள் இருக்கின்றன. வாசலில் வெளிநாட்டு ஆணழகன் படம். உள்ளே இருக்கிற பையன்களிடம் கேட்டால் சினிமா சான்ஸ் தேடுகிறவன் ரெண்டு பேராவது இருப்பான். அவன் சென்னைக்கு ரயில் ஏறணும். அறை வாடகை கொடுக்கணும். அடுத்த ஸ்டாப்பில் ஸ்டூடியோ என்பது அந்த ஒரு தலைமுறைக்குக் கிடைத்த கொடுப்பினை.

பெரீப்பாவிடம் கேட்டேன், "தேவர் நல்ல நடிகருங்களா பெரீப்பா?"

கொஞ்ச நேரம் யோசித்தார். "நடிப்பெல்லாம் எனக்குத் தெரியாது கண்ணு. நம்ம மில்லுல இருந்த ஆளு தெரையில வந்து நிக்கறாரேன்னு எங்கய்யன் ரெண்டணா குடுத்துப் போய்ப் பாத்தாரு. அடி வாங்கி உழுந்தாலும் கை தட்டிட்டு வந்தாரு."

நாயகனுக்குக் கைதட்டின கூட்டம் பெரிசுதான். அடி வாங்கி விழுந்தவனுக்குக் கைதட்டின அந்த ரெண்டணா டிக்கெட்டுகளைப் பற்றி யாரும் எழுதவில்லை. அதான் நான் எழுதிவிட்டேன். பழைய பதிவையும் திருத்திவிட்டேன்.

டிஸ்கி: உங்க ஊர்ப் பக்கமும் பழைய தேகப்பயிற்சி சாலை, அங்கிருந்து சினிமாவுக்குப் போன ஆட்கள் என்று ஏதாவது இருந்தால் சொல்லுங்க மக்களே. வீட்டில் எண்பது தாண்டின பெரியவங்க இருந்தால், முதலில் அவங்ககிட்ட கேட்டுட்டு வாங்க. நான் பண்ணின தப்பை நீங்களும் பண்ணாதீங்க :-)